சிறு மீத்திறன் கணினிகள்: பத்தாண்டில் எழுந்து மறைந்த ஒரு சந்தை

தரமான பொருளைத் தயாரித்து, நியாயமான விலையில் விற்று, வாடிக்கையாளரின் நன்மதிப்பையும் பெற்ற நிறுவனம் நலிவடையாது என்பது வணிக உலகின் பொதுவான நம்பிக்கை. அந்த நம்பிக்கைக்கு விலக்காக அமைந்த தொழில்துறைகளும் உண்டு. 1980-களின் தொடக்கத்தில் அமெரிக்காவில் உருவாகி, 1990-களின் நடுப்பகுதிக்குள் ஏறத்தாழ முற்றிலும் மறைந்துபோன ‘மினி சூப்பர் கம்ப்யூட்டர்’ துறை அவற்றுள் ஒன்று. தமிழில் அவற்றைச் சிறு மீத்திறன் கணினிகள் எனலாம்.

கணினித் தொழிலின் பழங்கதை வங்கி வாடிக்கையாளருக்கு எதற்கு என்ற வினா எழலாம். இயந்திரம் வாங்கக் காலக்கடன் கேட்டு எங்கள் கிளைகளுக்கு வரும் தொழில்முனைவோர் பலர், அந்த இயந்திரம் எவ்வளவு உற்பத்தி செய்யும் என்பதை நன்கு அறிந்திருக்கின்றனர். அது எத்தனை ஆண்டுகள் மதிப்புடன் விளங்கும் என்ற கணக்கில்தான் பெரும்பாலும் தடுமாற்றம் ஏற்படுகிறது. இத்துறையின் எழுச்சியும் வீழ்ச்சியும் அந்தக் கணக்கை விளக்க மிகப் பொருத்தமான எடுத்துக்காட்டு என்பதால் அதனை இங்கே சற்று விரிவாகக் காண்போம்.

இரு துருவங்களும் இடைவெளியும்

1976-ஆம் ஆண்டு அமெரிக்காவின் லாஸ் அலமாஸ் ஆய்வகத்தில் ‘க்ரே-1’ என்னும் கணினி நிறுவப்பட்டது. சீமோர் க்ரே என்ற பொறியாளர் வடிவமைத்த இக்கணினி, அக்காலத்தின் தலைசிறந்த மீத்திறன் கணினியாகப் புகழ்பெற்றது. அதன் விலை சுமார் 80 லட்சம் டாலர்; எடை ஏறத்தாழ 5 டன். அது வெளியிடும் வெப்பத்தைத் தணிக்கக் குளிர்பதனத் திரவத்தைக் குழாய்கள் வழியே செலுத்தவேண்டியிருந்தது. அதனை இயக்கத் தனிக் கட்டடமும் தனி மின்வசதியும் தனிப் பணியாளர் குழுவும் தேவைப்பட்டன. அணு ஆய்வகங்கள், வானிலை மையங்கள், மிகப்பெரிய நிறுவனங்கள் ஆகியவற்றுக்கு மட்டுமே அது கட்டுபடியாயிற்று.

மறுபுறம், 1977-இல் டிஜிட்டல் எக்யூப்மெண்ட் நிறுவனம் வெளியிட்ட ‘வாக்ஸ்-11/780’ என்னும் சிறுகணினி இருந்தது. ஓரிரு லட்சம் டாலரில் கிடைத்த இக்கணினியைப் பல்கலைக்கழகத் துறைகளும் நடுத்தர நிறுவனங்களும் வாங்கிப் பயன்படுத்தின. ஆனால் கடினமான அறிவியல் கணக்கீடுகளில் இது க்ரே-1-ஐவிட ஏறத்தாழ நூறு மடங்கு பின்தங்கியிருந்தது. அதாவது, க்ரே ஒரு மணி நேரத்தில் முடிக்கும் கணக்கை முடிக்க வாக்ஸ் கணினிக்கு நான்கு நாள்கள் தேவைப்படும்.

கார் மோதும்போது அதன் உடற்பகுதி எவ்வாறு நசுங்கும் என்று கணிக்க முயன்ற பொறியாளர்களும், நிலத்தடி அதிர்வலைப் பதிவுகளிலிருந்து எண்ணெய் இருக்குமிடத்தைத் தேடியோரும், மருந்து மூலக்கூறுகளின் வடிவத்தை ஆராய்ந்தோரும் இவ்விரண்டுக்கும் இடையில் தவித்தனர். ஒன்று கைக்கெட்டாத விலை. மற்றொன்று பொறுமையைச் சோதிக்கும் வேகம். ஒரு சந்தை உருவாவதற்கு இத்தகைய இடைவெளியே போதுமானது.

எழுச்சி

1982-இல் டெக்சாஸ் மாநிலத்தில் பாப் பலக், ஸ்டீவ் வாலக் ஆகிய இருவரும் ‘கான்வெக்ஸ்’ நிறுவனத்தைத் தொடங்கினர். அதே ஆண்டில் மாசசூசெட்ஸ் மாநிலத்தில், பின்னாளில் ‘அலயண்ட்’ எனப் பெயர்பெற்ற நிறுவனமும் தொடங்கப்பட்டது. இரண்டின் கணினிகளும் 1985-ஆம் ஆண்டில் சந்தைக்கு வந்தன. கான்வெக்ஸ் சி-1 கணினியின் விலை சுமார் 5 லட்சம் டாலரில் தொடங்கியது. க்ரேயின் வேகத்தில் ஏறத்தாழ கால்பங்கு, விலையில் பத்தில் ஒரு பங்கு என்பதே இவ்வகைக் கணினிகளைப் பற்றி அந்நாளில் வழங்கிய பொதுக்கணக்கு. திரவக் குளிர்விப்பு தேவையில்லை. குளிரூட்டப்பட்ட சாதாரண அறையிலேயே இயங்கும்.

இவற்றின் வேகத்துக்கு அடிப்படையான நுட்பத்தை வங்கிப் பேரேட்டைக் கொண்டே விளக்கலாம். ஒரு கிளையில் 10,000 சேமிப்புக் கணக்குகள் உள்ளன. அனைத்துக்கும் வட்டி கணக்கிடவேண்டும். சாதாரணக் கணினி, “இருப்பை எடு, வட்டி விகிதத்தால் பெருக்கு, விடையை எழுது” என்ற கட்டளைகளை ஒவ்வொரு கணக்குக்கும் தனித்தனியாகப் படித்து நிறைவேற்றும். க்ரே-1 கையாண்ட முறையில், “இந்த நெடுவரிசை முழுவதையும் இவ்விகிதத்தால் பெருக்கு” என்று ஒரே கட்டளை இட்டால் போதும். தொழிற்சாலையின் உற்பத்தி வரிசையில் ஒன்றன்பின் ஒன்றாகப் பொருள்கள் நகர்வதுபோல, எண்கள் இடைவெளியின்றி உள்ளே சென்று விடைகளாக வெளிவரும். இதற்கு வெக்டர் முறை என்று பெயர். கான்வெக்ஸ் இந்த முறையைக் குறைந்த விலைச் சில்லுகளைக் கொண்டு செயல்படுத்தியது. அலயண்ட் ஒரு படி மேலே சென்று, அதன் எஃப்எக்ஸ்/8 கணினியில் இத்தகைய கணக்கீட்டு அலகுகள் எட்டுவரை ஒருசேர இயங்குமாறு அமைத்தது.

இயந்திரத்தைவிட முக்கியமான மற்றொன்றையும் இந்நிறுவனங்கள் வழங்கின. அறிவியலாளர்கள் தங்கள் கணக்குகளை ஃபோர்ட்ரான் மொழியில் எழுதி வைத்திருந்தனர். அம்மொழியை இயந்திரம் புரிந்துகொள்ளும் கட்டளைகளாக மாற்றும் மென்பொருளுக்குக் கம்பைலர் என்று பெயர். எந்தெந்த வரிகளை நெடுவரிசையாகக் கணக்கிடலாம் என்பதை இந்நிறுவனங்களின் கம்பைலர்கள் தாமாகவே கண்டறிந்து மாற்றிக்கொடுத்தன. பல ஆண்டு உழைப்பில் எழுதிய நிரலைத் திருத்தி எழுதவேண்டிய சுமை பெருமளவு குறைந்தது. தொலைதூரத்தில் உள்ள க்ரே கணினியில் தமது முறைக்காகக் காத்திருந்த ஆய்வாளர்கள், காலையில் கொடுத்த கணக்குக்குத் தமது அலுவலகத்திலேயே மாலைக்குள் விடை பெற்றனர்.

வெற்றியைக் கண்டு மேலும் பலர் களமிறங்கினர். யேல் பல்கலைக்கழகத்தில் ஆய்வு செய்த ஜோஷ் ஃபிஷர் முதலியோர் ‘மல்டிஃப்ளோ’ நிறுவனத்தை 1984-இல் தொடங்கினர். க்ரே கணினிக்கான நிரல்களை அப்படியே இயக்கவல்ல மலிவான கணினிகளை ‘சயன்டிஃபிக் கம்ப்யூட்டர் சிஸ்டம்ஸ்’, ‘சூப்பர்டெக்’ ஆகிய நிறுவனங்கள் உருவாக்கின. ஆர்டெண்ட், ஸ்டெல்லர் எனும் இரு நிறுவனங்கள் வரைகலைத் திறனையும் சேர்த்து மேசையருகே வைக்கத்தக்க கணினிகளைத் தயாரித்தன. துணிகர முதலீட்டாளர்களின் பணம் தாராளமாகப் பாய்ந்தது. அளவான ஒரு சந்தையைப் பங்கிட்டுக்கொள்ள அளவுக்கு மீறிய நிறுவனங்கள் வந்து சேர்ந்தன.

வீழ்ச்சி

வீழ்ச்சி ஒரே நாளில் நிகழவில்லை. மூன்று திசைகளிலிருந்து நெருக்கடி வந்தது.

முதலாவதும் மிக வலிமையானதும் கீழிருந்து வந்தது. தனிநபர் கணினிகளிலும் பணிநிலையக் கணினிகளிலும் இடம்பெற்ற நுண்செயலிகள் ஆண்டுதோறும் வேகம் பெற்றன. 1989-இல் இன்டெல் நிறுவனம் பத்து லட்சத்துக்கும் மேற்பட்ட டிரான்சிஸ்டர்கள் கொண்ட ஐ860 சில்லை வெளியிட்டது. 1990-இல் ஐபிஎம் நிறுவனத்தின் ஆர்எஸ்/6000 பணிநிலையமும், 1992-இல் டிஜிட்டல் நிறுவனத்தின் ஆல்ஃபா நுண்செயலியும் வந்தன. ஓர் அறையை நிரப்பிய இயந்திரம் செய்த வேலையை, மேசைமீது அமரும் இயந்திரம் அதன் விலையில் ஒரு சிறு பங்குக்குச் செய்யத் தொடங்கியது.

இதன் பின்னணியில் உள்ளது எளிய செலவுக் கணக்கு. ஒரு புதிய சில்லை வடிவமைக்க ₹100 கோடி செலவாகிறது என்று எடுத்துக்காட்டாகக் கொள்வோம். அதைக் கொண்டு 500 கணினிகள் மட்டுமே விற்கும் நிறுவனம், ஒவ்வொரு கணினியின் விலையிலும் ₹20 லட்சத்தை வடிவமைப்புச் செலவாக ஏற்றவேண்டும். அதே செலவில் வடிவமைத்த சில்லை 50 லட்சம் எண்ணிக்கையில் விற்கும் நிறுவனம், ஒன்றுக்கு ₹200 மட்டுமே ஏற்றினால் போதும். வணிகவியல் பாடத்தில் நிலைச்செலவு, மாறும் செலவு எனப் பயிலும் வேறுபாடு இதுவே. திறமையான பொறியாளர்களும் நல்ல வடிவமைப்பும் சிறு நிறுவனத்திடம் இருந்தாலும், விற்பனை எண்ணிக்கை என்னும் பெருவெள்ளத்தை எதிர்த்து நீந்துவது இயலாததாயிற்று. மேலும் பெரிய நிறுவனம் அடுத்த தலைமுறைச் சில்லை விரைவில் கொண்டுவரும். சிறு நிறுவனமோ முந்தைய தலைமுறைக்கான செலவையே இன்னும் மீட்டிராது.

இரண்டாவது நெருக்கடி மேலிருந்து வந்தது. 1990-இல் க்ரே நிறுவனம் சூப்பர்டெக் நிறுவனத்தை விலைக்கு வாங்கியது. அதைத் தொடர்ந்து ‘ஒய்-எம்பி இஎல்’ என்ற பெயரில், காற்றாலேயே குளிரும் சிறிய க்ரே கணினியை ஏறத்தாழ 3 லட்சம் டாலர் விலையில் அறிமுகப்படுத்தியது. அசல் க்ரே கட்டுபடியான விலையில் கிடைக்கும்போது, அதைப் போன்ற மற்றொன்றை வாங்கக் காரணம் குறைந்தது.

மூன்றாவது நெருக்கடி வெளியுலகிலிருந்து வந்தது. பனிப்போர் முடிவுற்றதும் அமெரிக்காவின் பாதுகாப்புச் செலவுகள் குறைக்கப்பட்டன. மீத்திறன் கணினிகளை வாங்கிவந்த ஆய்வகங்களும் விமானத் தொழிற்சாலைகளும் கையைச் சுருக்கிக்கொண்டன.

மல்டிஃப்ளோ 1990-இல் மூடப்பட்டது. ஆர்டெண்டும் ஸ்டெல்லரும் 1989-இல் ஒன்றாக இணைந்தும் நெடுநாள் நீடிக்கவில்லை. அலயண்ட் நிறுவனம் சொந்தச் சில்லைக் கைவிட்டு, இன்டெல் ஐ860 சில்லுகளைக் கொண்டு 1990-இல் புதிய கணினியை உருவாக்கியது. எனினும் 1992-இல் அதன் கதவுகள் மூடின. துறையின் முன்னணியில் இருந்த கான்வெக்ஸ், காலியம் ஆர்சனைடு என்னும் விலையுயர்ந்த பொருளாலான சில்லுகளைக் கொண்டு வேகத்தைக் கூட்ட முயன்றது. பின்னர், 1994-இல் ஹியூலெட்-பேக்கார்டு நிறுவனத்தின் நுண்செயலிகளைக் கொண்டு ‘எக்செம்ப்ளார்’ கணினியை வெளியிட்டது. மறு ஆண்டே அந்த நிறுவனத்திடமே சுமார் 15 கோடி டாலருக்கு விற்கப்பட்டது.

காலத்துக்கேற்ப மாறிக்கொண்டவர்களும் ஏன் தப்பவில்லை என்பது கவனிக்கத்தக்கது. பிறரிடம் சில்லை வாங்கிக் கணினி செய்யத் தொடங்கிய அன்றே, அந்நிறுவனங்களின் தனித்தன்மையில் பெரும்பகுதி சில்லைச் செய்தவரிடம் போய்விட்டது. சில்லைத் தயாரிப்பவரும் அதே வகைக் கணினியை, அதைவிடக் குறைந்த விலையில், தாமே விற்க முடியும். மாறாதிருந்தால் செலவு தாங்காது. மாறினால் லாபம் தங்காது என்ற இக்கட்டு அது.

1994-ஆம் ஆண்டிலேயே அடுத்த அத்தியாயமும் தொடங்கிவிட்டது. நாசாவின் கோடார்டு மையத்தில் தாமஸ் ஸ்டெர்லிங், டொனால்டு பெக்கர் ஆகிய இருவரும், கடையில் கிடைக்கும் 16 இன்டெல் 486 வகைச் செயலிகளைச் சாதாரண ஈதர்நெட் வலையமைப்பால் இணைத்து, கட்டணமற்ற லினக்ஸ் இயங்குதளத்தைக் கொண்டு ‘பேவுல்ஃப்’ என்னும் கணினித் தொகுதியை அமைத்தனர். குறைந்த செலவில் மீத்திறன் என்ற இலக்கை இறுதியில் அடைந்தது இவ்வழியே. 2017 நவம்பர் முதல் உலகின் முதல் 500 மீத்திறன் கணினிகள் அனைத்தும் லினக்ஸ் இயங்குதளத்தைக் கொண்டவையே.

இந்தியாவின் பாதை

நம் நாட்டின் அனுபவமும் இதே காலத்தைச் சேர்ந்தது. 1980-களின் இறுதியில் இந்தியா கேட்ட உயர்திறன் க்ரே கணினியை விற்க அமெரிக்கா இசையவில்லை. வானிலைக் கணிப்புக்கு மட்டும் எனக் கட்டுப்பாடுகளுடன் குறைந்த திறன் கொண்ட க்ரே எக்ஸ்-எம்பி கணினி ஒன்று புதுதில்லிக்குக் கிடைத்தது. அதற்கு முன்பே, 1986-இல் பெங்களூரு தேசிய விண்வெளிப்பொறியியல் ஆய்வகம், நான்கு இன்டெல் செயலிகளை இணைத்து ‘ஃப்ளோசால்வர்’ என்னும் இணைக்கணினியை உருவாக்கியிருந்தது. 1988-இல் புணேயில் சி-டாக் மையம் தொடங்கப்பட்டது. விஜய் பட்கர் தலைமையில் அம்மையம் 1991-இல் ‘பரம் 8000’ கணினியை உருவாக்கியது.

இந்தியப் பொறியாளர்கள் க்ரேயைப் போன்ற தனிச் சில்லைச் செய்ய முற்படவில்லை. சந்தையில் கிடைத்த ‘டிரான்ஸ்பியூட்டர்’ என்னும் பிரிட்டிஷ் சில்லுகள் பலவற்றை இணைத்தே பரம் 8000 உருவாயிற்று. பின்னாளில் டிரான்ஸ்பியூட்டரும் வழக்கொழிந்தது. ஆயினும் பரம் வரிசை நின்றுவிடவில்லை. அடுத்தடுத்த கணினிகள் ஐ860, ஸ்பார்க் எனக் கிடைத்த நல்ல செயலிகளுக்கு மாறிக்கொண்டன. ஒரே சில்லைச் சார்ந்திராத வடிவமைப்பே அதற்குத் துணைநின்றது. அரசின் ஆதரவு இருந்ததால், சந்தையின் லாப நட்டம் அதனை உடனடியாகத் தாக்கவில்லை என்பதையும் சொல்லவேண்டும்.

2015-இல் ₹4,500 கோடி மதிப்பில் தேசிய மீத்திறன் கணினித் திட்டம் அறிவிக்கப்பட்டது. அதன்கீழ் 2022-இல் திருச்சி தேசியத் தொழில்நுட்பக் கழகத்தில் நிறுவப்பட்ட ‘பரம் பொருள்’ 838 டெராஃப்ளாப் திறன் கொண்டது. கல்லூரிகளும் சிறு ஆய்வகங்களும் தனியே வைத்துக்கொள்ளத்தக்க ‘பரம் ஷாவக்’ என்னும் பெட்டிக் கணினியையும் சி-டாக் வழங்குகிறது. சிறு மீத்திறன் கணினிக்கான தேவை மறையவில்லை என்பதற்கு இது சான்று. மறைந்தது, அதைத் தனிச் சில்லுகளால் செய்து விற்ற வணிகமுறையே.

நம் கடன் கணக்கில் இதன் பொருள்

வீழ்ச்சியால் இழப்புற்றோர் பங்குதாரர்களும் ஊழியர்களும் மட்டுமல்லர். லட்சக்கணக்கான டாலர் கொடுத்து அக்கணினிகளை வாங்கியோரும் உதிரிபாகத்துக்கும் பழுதுநீக்கத்துக்கும் தவிக்க நேர்ந்தது. பொதுவான ஃபோர்ட்ரான் மொழியிலேயே நிரல்களை வைத்திருந்தோர் வேறு கணினிக்கு எளிதில் மாறினர். குறிப்பிட்ட இயந்திரத்துக்கென்றே நிரலைச் செதுக்கியோர் அப்பணியை மீண்டும் செய்யவேண்டியதாயிற்று.

இன்று வரைகலைச் செயலிகள் பொருத்திய கணினிகள், எண்ம அச்சு இயந்திரங்கள், பரிசோதனைக்கூடக் கருவிகள் ஆகியவற்றுக்காகக் கடன் பெறுவோருக்கும் இக்கேள்விகள் பொருந்தும். ஓர் எளிய கணக்கைப் பார்ப்போம். வருமான வரி விதிகளின்படி பொதுவான இயந்திரங்களுக்கு ஆண்டுக்கு 15 சதவீதத் தேய்மானம் அனுமதிக்கப்படும்போது, கணினிகளுக்கு 40 சதவீதம் அனுமதிக்கப்படுகிறது. விரைவாக மதிப்பிழக்கும் பொருள் என்பதை விதியே ஏற்றுக்கொள்கிறது. ₹10 லட்சம் மதிப்புள்ள கணினியின் ஏட்டு மதிப்பு முதலாண்டு முடிவில் ₹6 லட்சம். இரண்டாம் ஆண்டில் ₹3.60 லட்சம், மூன்றாம் ஆண்டில் ₹2.16 லட்சம்.

அக்கணினியின் முழு விலையையும் ஐந்தாண்டுக் கடனாகப் பெற்று, அசலைச் சம தவணைகளில் செலுத்துவதாகக் கொண்டால், மூன்றாம் ஆண்டு முடிவில் அசல் பாக்கி ₹4 லட்சம் இருக்கும். பாக்கிக்கும் பொருளின் மதிப்புக்கும் இடையே ₹1.84 லட்சம் பள்ளம் விழுகிறது. வாங்குபவர் தம் பங்காக ₹2.50 லட்சம் செலுத்தி ₹7.50 லட்சம் மட்டும் கடன் பெற்றால், அதே நாளில் பாக்கி ₹3 லட்சம். பள்ளம் ₹84,000 ஆகச் சுருங்கும். கடன் காலத்தையும் மூன்றாண்டாகக் குறைத்தால் அன்று பாக்கியே இராது. முன்பணம் கேட்பதும் கடன் காலத்தைக் குறைக்கச் சொல்வதும் வாடிக்கையாளரை வருத்துவதற்கன்று என்பதை இக்கணக்கு உணர்த்தும் என நம்புகிறோம்.

ஆகவே விலைப்பட்டியலில் ஒப்பமிடும் முன் சில வினாக்களுக்கு விடை தேடுவது நன்று. இந்த இயந்திரம் தன் விலையை எத்தனை மாதங்களில் ஈட்டித் தரும். அக்காலம் அதன் பயனுள்ள ஆயுளைவிடக் குறைவானதா? தயாரித்த நிறுவனம் நாளை இல்லாவிடினும் பழுதுநீக்க வேறு ஆள் உண்டா? அதில் சேரும் தரவுகளையும் மென்பொருளையும் வேறோர் இயந்திரத்துக்கு மாற்ற இயலுமா? ஆண்டில் சில மாதங்களே தேவைப்படும் திறனாயின், வாங்குவதைவிட வாடகைக்கு எடுப்பது சிக்கனமாகாதா? இரண்டாம் கை விலை இன்று சந்தையில் எவ்வாறுள்ளது?

கான்வெக்ஸ் வாங்கியோர் அனைவரும் ஏமாந்தவர் அல்லர். முதல் இரண்டு மூன்று ஆண்டுகளிலேயே அதனைக் கொண்டு புதிய காரையோ எண்ணெய்க் கிணற்றையோ கண்டடைந்தவருக்கு அதன் விலை அப்போதே திரும்பிவிட்டது. பத்தாண்டுப் பயனை எதிர்பார்த்து வாங்கியோரே இழப்புக்கு ஆளாகினர். இயந்திரக் கடனுக்கு விண்ணப்பிக்கும் வாடிக்கையாளர்கள், விலைப்பட்டியலுடன் மேற்கண்ட வினாக்களுக்கான விடைகளையும் ஒரு தாளில் எழுதிக் கிளைக்குக் கொண்டுவந்தால், கடன் தொகையையும் தவணைக் காலத்தையும் தொழிலுக்கு ஏற்றவாறு அமைப்பது இரு தரப்பினருக்கும் எளிதாகும்.